சேணம் இல்லாத சவாரி

பிரான்சின் செடானில் ஜெர்மன்காரர்களோடு நடந்த சண்டை ஓய்ந்த மறுநாள் ஃபிர்மன் ஒரு செவலைக் குதிரையோடு வீடு வந்து சேர்ந்தான். ஊரில் பாதிப் பேர் அப்படிக் களத்தில் குதிரை பிடித்து வந்தவர்கள்தான். செத்தவனுக்குக் குதிரை எதற்கு? அதை ஓட்டிவந்து செத்த அதிகாரியின் கால் இன்னும் சேணத்தின் அங்கவடியில் மாட்டிக்கொண்டிருந்தது. ஃபிர்மன் சேணத்து வாரை அறுத்து, ஆளைச் சேணத்தோடு பள்ளத்தில் உருட்டிவிட்டான். ஒரு பிடி மண்கூடப் போடவில்லை. உடுப்பெல்லாம் சேறு, நம்மவனா, ஜெர்மன்காரனா என்றும் பார்க்கவில்லை.

உழவு தொடங்கும் நேரத்தில்தான் சனி பிடித்தது. அவன் மனைவி ஸெலி காலையில் லாயத்தைத் திறந்தால், குதிரை வேர்வையில் நனைந்து நடுங்கிக்கொண்டு நிற்கும். வாயில் நுரை தள்ளியிருக்கும். போட்ட தாழ்ப்பாள் போட்டபடி இருக்கும். முதுகில் சேணம் அழுத்திய தடம். அந்த வீட்டில் சேணமே கிடையாது.

ஜெயித்த ஜெர்மன்காரர்கள் வீட்டுக்கு ஒருவனாக உட்கார்ந்து தின்றுகொண்டிருந்த காலம் அது. இவர்கள் தலையில் விழுந்தவன் அலோய்ஸ் என்ற பவேரியச் சிப்பாய்.

“உண்மையைச் சொல்லு. இதை எங்க ஓட்டிட்டுப் போன?” என்றாள் ஸெலி.

“நான் காலாள், மதாம். கழுதை மேல ஏறினாலே விழுந்துடுவேன்.”

சிரித்தவன், குதிரையின் விலாவைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினான். சவாரிக்காரன் பூட்ஸின் குதிமுள் குத்திய காயம். புதுசு.

“இதை விட்டுடுங்க,” என்று கிசுகிசுத்தான்.

“விட்டா, ரொட்டிக்கு உங்கப்பன்கிட்டயா போவேன்?” என்றான் ஃபிர்மன்.

அந்த வாரமே குதிரை விழுந்து செத்தது. ஸெலிக்கு உள்ளுக்குள் நிம்மதி. சனியன் தொலைந்தது என்றே நினைத்தாள்.

ஆனாலும் விதைத்தாக வேண்டும். ஃபிர்மன் கலப்பை இழுக்கும் வாரைத் தன் தோளில் மாட்டிக்கொண்டான். ஸெலி கலப்பையைப் பிடித்தாள். பட்டப்பகல், நல்ல வெயில்.

பாதி வயலில் அவன் நடை மாறியது.

“மெதுவாப் போய்யா.”

அவன் ஓடினான். கலப்பை அவள் கையை விட்டுப் பிய்த்துக்கொண்டு போனது.

“ஃபிர்மன்!”

திரும்பினான். கண்கள் வெளியே பிதுங்கியிருந்தன. வாயோரம் இரண்டு பக்கமும் கிழிந்து ரத்தம் வழிந்தது. தலையை யாரோ கடிவாளம் போட்டுப் பின்னால் இழுத்துப் பிடித்ததுபோல் கழுத்து வளைந்து நின்றது.

ஸெலி அலோய்ஸைக் கூப்பிட்டாள். வேலியோரம் நின்றவன் அசையவில்லை. முகம் வெளுத்திருந்தது. குதிகால்கள் தாமாகச் சேர்ந்தன. கை நெற்றிக்குப் போனது.

“கேப்டன்…” என்று உதடு முணுமுணுத்தது.

சல்யூட் அடித்தவன் ஃபிர்மனைப் பார்க்கவில்லை. அவன் தலைக்கு மேலே பார்த்துக்கொண்டிருந்தான்.