தொட்டால்தான் கோ

ஐந்தாம் வகுப்பு 'ஏ' பிரிவில் ஒரு விளையாட்டு இருந்தது. ஹேமந்த் மேல் யாருடைய கையாவது பட்டுவிட்டால், அவர்கள் ஓடிப்போய் இன்னொருவரைத் தொட்டு, "கஸ பாஸ்!" என்று கத்த வேண்டும். கஸ என்றால் கன்னடத்தில் குப்பை.

ஹேமந்தின் அப்பா அக்ரஹாரத்துத் தெருக்களில் குப்பை வண்டி ஓட்டுகிறார். குப்பை போடுகிற வீட்டுப் பிள்ளைகள் எல்லாம் சுத்தம். எடுத்துப் போகிறவர் பிள்ளை மட்டும் குப்பை. கணக்குப் பரீட்சையிலும் அந்த வகுப்பு இப்படித் தலைகீழாகத்தான் விடை எழுதும்.

ஹேமந்த் இப்போதெல்லாம் முழங்கைகளை உடம்போடு ஒட்டிக்கொண்டுதான் நடந்தான். தண்ணீர்க் குழாய்ப் பக்கமே போவதில்லை.

"உனக்குத் தாகமே எடுக்காதா?" என்று கேட்டாள் பக்கத்து பெஞ்ச் தமிழ்ப்ரியா.

"நான் போனா எல்லாரும் ஓடுறாங்க. நாளையிலேர்ந்து ஸ்கூலுக்கே வரமாட்டேன். வயித்துவலின்னு அம்மாகிட்ட சொல்லிடுவேன்."

"எத்தனை நாளைக்கு வலிக்கும்?"

"பத்தாவது முடியற வரைக்கும்."

தமிழ்ப்ரியா சிரிக்கவில்லை.

அப்போது அதே வகுப்பு சுரேந்தர் ஓடிவந்து அவள் தோளைத் தட்டினான். "கஸ பாஸ்!"

அவள் அசையாமல் உட்கார்ந்திருந்தாள்.

"ஏய், பாஸ் பண்ணு!"

"மாட்டேன். என்கிட்டயே இருக்கட்டும்."

"வெச்சுக்கிட்டு என்ன பண்ணுவே?"

"வளர்ப்பேன்."

இப்படி ஒருத்தி சொல்வாள் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. வகுப்பு அவளையும் விட்டுத் தள்ளி உட்கார்ந்தது. தமிழ்ப்ரியாவுக்கு அழுகை முட்டியது. ஆனாலும் அவள் யாருக்கும் பாஸ் பண்ணவில்லை.

மதியம் 'பி' பிரிவோடு கோ-கோ.

"ஒரு ஆள் குறையுது சார், ஹேமந்த் இருக்கான்!" என்று தமிழ்ப்ரியா அவனைக் கைபிடித்து இழுத்துவந்து வரிசையில் உட்கார வைத்தாள்.

துரத்திக் களைத்த சுரேந்தர், தமிழ்ப்ரியாவின் முதுகுக்குப் பின்னால் வந்தான். முதுகைத் தொட்டு 'கோ' சொன்னால் அவள் எழுந்து துரத்துவாள். அவனோ எட்ட நின்றே, "கோ!" என்றான்.

விளையாட்டு ஆசிரியர் மல்லப்பன் சார் விசில் ஊதினார். "தொடாம கோ சொன்னா ஃபவுல்!"

மறுபடியும் எட்ட நின்றான். மறுபடியும் ஃபவுல்.

"தொட்டுத் தொலைடா!" என்று அணியே அலறியது.

தொட்டான். தமிழ்ப்ரியா பாய்ந்து ஓடி, ஹேமந்தின் முதுகில் தட்டினாள். "கோ!"

ஹேமந்த் எழுந்தான். ஒரே ஓட்டத்தில் ஒருவன் அவுட். அடுத்தவன் வளைந்து, தமிழ்ப்ரியாவின் இடத்தில் உட்கார்ந்திருந்த சுரேந்தர் பக்கம் ஓடினான்.

"ஹேமந்த்! என்னைத் தொடு! சீக்கிரம் தொடுடா!" என்று முதுகை நீட்டிக்கொண்டு கெஞ்சினான் சுரேந்தர்.

ஹேமந்த் தொட்டான். கொஞ்சம் பலமாகவே.

ஆட்டம் முடிந்ததும் சுரேந்தர் முதுகைத் தேய்த்துக்கொண்டு வந்தான். "நாளைக்கும் மேட்ச் இருக்கு. வருவேல்ல?"

"வரேன்," என்றான் ஹேமந்த், தமிழ்ப்ரியாவைப் பார்த்து.