கமலவிலாஸ் ராணி

கமலவிலாஸ் டாக்கீஸ் உரிமையாளர் ரங்கம்மா கிருஷ்ணகிரியிலிருந்து முதல் பஸ்ஸில் ஓசூருக்கு வந்து, துப்பறியும் கங்கப்பன் வீட்டில் காபியைக் கையில் வாங்கி, குடிக்காமலே அதை ஆற விட்டார்.

"திரையில ஒரு பொம்பள வர்றாங்க," என்றார் பிறகு.

"சினிமான்னா வரத்தானே செய்வாங்க," என்றார் கங்கப்பன்.

"இது படத்துல இல்லாத பொம்பளைங்க."

"பேய்," என்றார் கங்கப்பனின் மனைவி முனிலட்சுமி, சந்தோஷமாக. துப்பறிவதில் கணவரைவிட அவருக்குத்தான் ஆர்வம்.

கிரீடம் வைத்த நிழல், தோளில் முந்தானை. படத்தில் இருட்டுக் காட்சி வரும்போது மட்டும் தோன்றும். தமிழ், தெலுங்கு, கன்னடம் என்று பேதம் பார்ப்பதில்லை. அவள் வாய் திறப்பதில்லை என்பதால் எல்லோருக்கும் புரிந்தது. எல்லோரும் ஓடிவிட்டார்கள். வரும் வெள்ளிக்கிழமை கொட்டகையை மாங்காய் மண்டி கரியப்பனுக்கு எழுதிக் கொடுப்பதாகப் பேச்சு.

"விக்க மனசில்லீங்க. மாமனார் கட்டினது. அதுக்காக பேய் ஒண்ணுக்கு மட்டும் படம் ஓட்ட முடியுங்களா?"

மூவரும் பஸ் ஏறினார்கள். சானமாவுக் காட்டில் யானைகள் சாலையைக் கடந்துகொண்டிருந்தன. டிரைவர் இன்ஜினை அணைத்தார். யானைகள் பனிக்குள்ளிருந்து வந்து பனிக்குள் போயின. நேற்றைய கனவு மிச்சத்தை முடித்துக்கொள்ள வந்ததுபோல. அந்த அமைதியில் ரங்கம்மா மெதுவாகச் சொன்னார்:

"முன்னால அது நாடகக் கொட்டகைங்க. நடிகருங்க செருப்பக் கழட்டி, பலகையத் தொட்டுக் கும்பிட்டுத்தான் மேடை ஏறுவாங்களாம். ஒரு நாள் ராணி நாடகம் நடக்கறப்பவே, பெங்களூர்லருந்து சினிமா மிஷின் மாட்டுவண்டியில வந்து இறங்கிடுச்சு. ஜனமெல்லாம் அதப் பாக்க எந்திரிச்சு ஓடிட்டாங்க. கடைசி சீன் நடக்கவே இல்லையாம். அப்புறம் மேடைக்கு முன்னால திரையக் கட்டிட்டாங்க. பின்னால மேடை அப்படியே கெடக்குது."

கொட்டகை வாசலில் கரியப்பன் நின்றிருந்தார். மண்டியில் சண்டை வந்தால் அவர் மீசையைத் தொடுவார், சண்டை நின்றுவிடும். அப்படிப்பட்ட மீசை.

"உள்ள நான் கால் வெச்சதே இல்லீங்க," என்றார். "மாங்காய்க்கு எடம் பத்துமான்னு வெளியவே கண்ணால அளந்துட்டேன்."

ஆபரேட்டர் ராஜப்பன் திரைக்குப் பின்னால் அழைத்துப் போனார். "பாத்து வாங்க. நாடகத்துக்கு சீன் துணி கட்டின ஆணிங்க பூரா நிக்குது. செருப்பில்லாம யாரும் ஏறமாட்டோம்."

மேடைத் தூசியில் வெறுங்கால் தடங்கள் தெரிந்தன.

"பேய்க்குக் கால் கிடையாதே," என்றார் முனிலட்சுமி, ஏமாற்றத்துடன்.

கங்கப்பன் பழைய திரைத்துணியை விரலால் தடவினார். பல வருடம் துவைத்த வேட்டி மாதிரி மெலிந்திருந்தது. "எல்லாரும் இங்க வாங்க, உக்காந்து பேசலாம்," என்று வாசலைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

ரங்கம்மா செருப்போடு ஏறினார். கடைசியாகக் கரியப்பன், மாங்காய் விளைச்சலைப் பற்றிப் பேசிக்கொண்டே வந்தவர், படியடியில் செருப்பைக் கழற்றினார். குனிந்து பலகையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். கீழே பார்க்காமலே ஆணிகளுக்கு நடுவில் நடந்து வந்து நின்றார்.

விளைச்சல் பேச்சு பாதியில் நின்றது.

"இருட்டுக் காட்சியில மட்டும் நிழல் வருதுன்னா, திரைக்குப் பின்னால வெளக்கு இருக்குது," என்றார் கங்கப்பன். "படத்துல வெளிச்சம் வந்தா மிஷின் வெளிச்சம் அந்த வெளக்க அமுக்கிடும். திரையப் பாத்து நேரா நின்னா நிழல்ல மீசையும் தெரியாது. ஆணி எங்கெங்க இருக்குதுன்னு உங்க காலுக்குத் தெரியும். ராணி வேஷம் நீங்கதானுங்களே?"

கரியப்பன் திரைப்பக்கம் திரும்பினார்.

"ஆமாங்க. ஊத்தங்கரையிலருந்து வந்து ஆடினேன். வேற பேருல. பின்கதவுத் தாழ்ப்பாள வெளியிலருந்து தூக்கற விதம் நடிகனுக்குத்தான் தெரியும். லாந்தரோட வந்து, அட்டைக் கிரீடத்த வெச்சுக்கிட்டு, துண்ட முந்தானையா போட்டுக்கிட்டு நிப்பேன். அந்தப் பக்கம் ஜனம் உக்காந்திருக்கறது போதும்ங்க."

"ஜனம் பயந்து ஓடுதுங்களே," என்றார் ரங்கம்மா.

"பேய் வருதுன்னு நானும் கேள்விப்பட்டேன். எனக்கே பயம்தான். ஆனா நான் இருக்கறப்ப ஒரு நாளும் அது வரலீங்க."

ராஜப்பன் இருமுவதுபோல் திரும்பிக்கொண்டார்.

"அப்ப மாங்காய் குடோனு?" என்றார் ரங்கம்மா.

"மேடைக்காகக் கேக்கறேன்னு மண்டியில சொல்ல முடியுங்களா? ராணின்னு கூப்பிடுவானுங்க."

ரங்கம்மா தூசி படிந்த பலகையைப் பார்த்தார். செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டார். "கடைசி சீன்ல ராணி என்ன பண்ணணும்?"

"போருக்குப் போன ராஜா வந்துட்டாருன்னு சேவகன் வந்து சொன்னதும் வெளக்க அணைச்சுட்டு உள்ள போகணும். அன்னிக்கு யாரும் வந்து சொல்லலீங்க."

"கொட்டகை விக்கறதுக்கில்ல," என்றார் ரங்கம்மா. "திங்கக்கிழமை படம் கெடையாது. திரையக் கழட்டி வெக்கச் சொல்றேன். நீங்க வந்து முடிச்சுக் குடுத்துட்டுப் போங்க. மண்டிக்கு நானே சொல்லி அனுப்பவா?"

கரியப்பன் பலகையைப் பார்த்தார். மீசையைத் தொட்டார், இந்த முறை ரங்கம்மாவின் பேச்சு நிற்கவில்லை.

திங்கட்கிழமை காலை மாங்காய் மண்டியில் எல்லோரும் கரியப்பனைத் தேடினார்கள். அவர் வழக்கமான இடத்தில்தான் உட்கார்ந்திருந்தார். மீசை இல்லை.