மேல்தட்டின் கடைசி இருக்கை

முந்தின நாள் மாலைதான் புதுத் துணி போர்த்தி, ஓரங்களை இழுத்து அடித்து, உள்ளங்கையால் தட்டிச் சமன்செய்துவிட்டுப் போன இருக்கை, காலையில் மாலினி வந்து பார்த்தபோது நடுவில் குழிந்திருந்தது. யாரோ கனமான ஆள் இரவெல்லாம் அதில் உட்கார்ந்திருந்து, அவள் படியேறும் சத்தம் கேட்டு அப்போதுதான் எழுந்து போனதுபோல. தொட்டுப் பார்த்தாள். ஈரம்.

கூரை ஒழுகுகிறது என்று நினைத்துக்கொண்டாள். நியூசிலாந்தின் ஆக்லாந்தில் ஜூன் மழைக்காலம், ஒழுகாத ஷெட் ஏது? அண்ணாந்து பார்த்தாள். பஸ்ஸின் உட்கூரை காய்ந்து கிடந்தது.

மாலினிக்குச் சொந்த ஊர் மலேசியாவின் ஈப்போ. கார், படகு இருக்கைகளுக்கு உறை தைப்பது தொழில். கணவர் இறந்தபிறகு ஆக்லாந்தின் பக்குரங்கா பகுதி வீட்டில் அவளும் மகள் அஞ்சனாவும்தான். பழனிசாமி என்ற ஓய்வுபெற்ற இன்ஜினியர் இங்கிலாந்திலிருந்து கப்பலில் ஒரு பழைய மாடி பஸ்ஸை வரவழைத்து, அதே ஊரின் மனுரேவா பகுதியில் கிடங்குகளுக்குப் பின்னாலிருந்த தகர ஷெட்டில் நிறுத்தியிருந்தார். கல்யாணங்களுக்கு வாடகைக்கு விடுவது அவர் கனவு. இன்ஜினைக் கழற்றித் தரையில் மரக்கட்டைகள்மேல் வைத்திருந்தார். இருக்கைகள் மாலினியின் பொறுப்பு.

பழனிசாமி பேச ஆரம்பித்தால் நிறுத்தமாட்டார். அந்தக் காலத்தில் இங்கிலாந்தின் வடக்கே பள்ளத்தாக்குக்கு ஒரு பஸ் கம்பெனியாம், கம்பெனிக்கு ஒரு நிறமாம். தூரத்தில் நிறம் தெரிந்ததுமே ஜனங்கள் வீட்டைப் பூட்டிக்கொண்டு கிளம்புவார்களாம். பிறகு அரசாங்கம் பல கம்பெனிகளைச் சேர்த்து ஒரே சாயலாகப் பெயின்ட் அடித்தது. அப்புறம் தனியாருக்கு விற்றது. இந்த வண்டியைச் சுரண்டிய இடத்தில் சிவப்புக்குக் கீழே பச்சை, பச்சைக்குக் கீழே ஒரு மங்கிய நீலம்.

“அந்த நீலக் கம்பெனிதான் முதல் சொந்தக்காரங்க,” என்றார். “பஞ்சாலைக்கு ஆள் ஏத்தற சின்னக் கம்பெனிங்க. மத்ததையெல்லாம் கவர்மெண்ட் எடுத்துக்குச்சு. இது அதுக்கு முன்னாடியே தானா மூடிட்டுது. ஏன்னு யாருக்கும் தெரியலீங்க.”

மறுநாள் காலை இன்னும் இரண்டு இருக்கைகள் குழிந்திருந்தன. கீழ்த்தட்டில் ஒன்றுமில்லை. மேல்தட்டில், அதுவும் அவள் முடித்த இருக்கைகளில் மட்டும். ஒன்றின்மேல் பிளாஸ்டிக் தாளை விரித்து மூடிவிட்டுப் போனாள். காலையில் அந்தத் தாள் ஒழுங்காக மடிக்கப்பட்டு, தரையில் ஓரமாக வைக்கப்பட்டிருந்தது.

அதன்பிறகு வாசனை வந்தது: நனைந்த கம்பளி, ஆறிய சிகரெட், அதற்கெல்லாம் அடியில், வற்றிய ஏரியின் அடிமண்ணைக் கிளறினால் எழும் ஒரு குளிர்ந்த நாற்றம். ஜன்னல்களில் உட்பக்கமாகப் பனி படிந்தது, ஊரே உள்ளே உட்கார்ந்து மூச்சு விட்டதுபோல. ஒவ்வொரு ஜன்னலிலும், உட்கார்ந்திருப்பவரின் முகம் வரும் உயரத்தில், யாரோ சட்டைக்கையால் துடைத்த வட்டம். பழனிசாமியிடம் சொன்னாள். தகர ஷெட் என்றால் அப்படித்தான் வேர்க்கும் என்றார் அவர். மகளிடம் வேலை இழுக்கிறது என்று மட்டும் சொன்னாள். பயம் என்ற வார்த்தையை மகளிடம் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

அவள் வேலையை விடவில்லை. ஒப்புக்கொண்ட வேலை. ரேடியோவைச் சத்தமாக வைத்துக்கொண்டு, பின்பக்கம் திரும்பாமல், வரிசை வரிசையாக முன்னோக்கி நகர்ந்தாள். முன்வரிசையில், இடது ஜன்னலோரம், ஒரே ஒரு இருக்கை பாக்கி. ஸ்பிரிங்குகள்மேல் ஸ்பாஞ்சை வைத்து, துணியை விரிக்கக் கையைத் தூக்கினாள்.

ரேடியோ ஓய்ந்தது.

அவளுக்குப் பின்னால் ஒரு இருமல். செய்தித்தாள் மடங்கும் சரசரப்பு. பிறகு அதுவும் நின்றது. மேல்தட்டு முழுவதும் ஒருசேர லேசாக முன்னால் சாய்ந்ததை அவள் உள்ளங்காலில் உணர்ந்தாள். அவளைப் பார்க்கவில்லை அவர்கள். அந்த இருக்கையைப் பார்த்தார்கள். காத்திருந்தார்கள்.

கத்தரி, ஸ்டேப்பிள் கன், துணி எல்லாவற்றையும் போட்டது போட்டபடி இறங்கி ஓடினாள். அந்தக் கடைசி இருக்கையை மட்டும் செய்யமாட்டேன் என்று பழனிசாமியிடம் போனில் சொன்னாள். அவர் காரணம் கேட்க, போனை வைத்துவிட்டாள்.

காய்ச்சல் கண்டது. வெள்ளிக்கிழமை சாயங்காலம், ஜன்னலுக்கு வெளியே அதற்குள் இருட்டிவிட்டிருக்க, படுக்கையில் கிடந்தாள். போன் அடித்தது. அஞ்சனா.

“அம்மா, கோவப்படாதீங்க. நான் ஷெட்ல இருக்கேன். அங்கிள் சாவி கொடுத்தாரு. அந்த லாஸ்ட் சீட்டை நானே முடிச்சிட்டேன்.”

அம்மாவின் முகம் வாடிக் கிடந்தது பொறுக்காமல் செய்திருக்கிறாள். சின்ன வயதிலிருந்தே பக்கத்தில் நின்று கற்றுக்கொண்ட வேலை. அவள் கைவேலையும் சுத்தமானதுதான்.

“அஞ்சு, கீழ இறங்கு.”

“வாட்?”

“எதுவும் கேக்காத. இறங்கி வெளிய வா. இப்பவே.”

அஞ்சனா சிரித்தாள். அந்த சீட்டில்தான் உட்கார்ந்திருக்கிறாளாம், மெத்தென்று இருக்கிறதாம். பிறகு குரல் தாழ்ந்தது.

“அம்மா, கீழ யாரோ பெல் அடிச்சாங்க. ரெண்டு தடவ.”

ஒரு மணி அடித்தால் நிறுத்து, இரண்டு மணி அடித்தால் புறப்படு. பழனிசாமி சொல்லியிருந்தார்.

மாலினி காரை எப்படி எடுத்தாள், எப்படி ஓட்டினாள் என்று அவளுக்கே தெரியாது. மழை. வைப்பர். சிவப்பு விளக்குகள். போன் பக்கத்து இருக்கையில் இணைப்பு அறாமல் கிடந்தது. அதிலிருந்து ஒரு பழைய டீசல் இன்ஜினின் உறுமல், கியர் மாறும் கரகரப்பு. அந்த பஸ்ஸில் இன்ஜின் கிடையாது. பலபேரின் பேச்சுக்குரல், புரியாத ஆங்கிலத்தில். ஒருத்தி சிரித்தாள். அஞ்சனா எங்கோ தூரத்தில், குழந்தைபோல, “அம்மா, எங்க போறோம்?” என்றாள்.

டயர் கிறீச்சிட்டது.

எல்லாரும் ஒரே நேரத்தில் மூச்சை இழுத்தார்கள்.

பெரிய எதுவோ தண்ணீருக்குள் விழும் ஓசை. அப்புறம் போனில் ஒன்றுமில்லை.

ஷெட் கதவு திறந்திருந்தது. உள்ளே விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பஸ் இருந்த இடத்திலேயே நின்றது. கட்டைகள்மேல் இன்ஜின் அப்படியே. தரை உலர்ந்திருந்தது. பின்பக்கம் கதவில்லாத படிக்கட்டு, அதுவும் உலர்ந்திருந்தது. மகளின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள்.

அண்ணாந்து பார்த்தாள்.

மேல்தட்டு ஜன்னல்களுக்குப் பின்னால் பழுப்பு நிறத் தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது. கண்ணாடியின் பாதிவரை. முக்கால்வரை. ஒரு சொட்டும் வெளியே வழியவில்லை. ஒவ்வொரு ஜன்னலிலும் ஒரு முகம், தொப்பி போட்டவை, தலைக்குட்டை கட்டியவை, அசையாமல், நேராக முன்னால் பார்த்தபடி. முன்வரிசையில், இடது ஜன்னலோரம், ஒருத்தி மட்டும் திரும்பியிருந்தாள். கூந்தல் தண்ணீரில் மெல்ல மேலே எழும்பியது. வாய் திறந்து மூடியது. விரிந்த உள்ளங்கை ஒன்று கண்ணாடியில் அழுந்தியிருந்தது.

தண்ணீர் கூரையைத் தொட்டது.