மூன்று நிமிட இலை

தாவரவியல் துறைத்தலைவர் மேஜைமேல் கவிழ்ந்து கிடந்தார்.

டீ பாதி மிச்சம். உயிர் துளியும் மிச்சமில்லை.

கோப்பையின் அடியில் ஓர் இலை...

இன்ஸ்பெக்டர் அதைக் குனிந்து பார்ப்பதற்குள் காப்பாளர் விரலை நீட்டிவிட்டார். மலையில் பறித்த செடிகளைக் காயவைத்து, தாளில் ஒட்டி, அலமாரியில் பூட்டுவது அவர் வேலை. நீட்டிய விரலுக்கு நேரே மலை வைத்தியச்சி, மடியில் ஒரு மூட்டையோடு இருமிக்கொண்டிருந்தாள்.

"இவதான் சார். மூட்டையில இருக்கிறதும் இதே இலை. தின்னா மூணே நிமிஷம்... ஆள் காலி. எங்க ஆய்வுக் கட்டுரையிலேயே இருக்கு."

இன்ஸ்பெக்டர் கட்டுரையைப் புரட்டினார். துறைத்தலைவர் பெயர் மட்டும் கொட்டை எழுத்தில்.

"எழுதினது யாரு?"

"நான்தான்."

"இதுல உங்க பேரு எங்க?"

காப்பாளர் ஜன்னலைப் பார்த்தார்.

வைத்தியச்சியின் கழுத்துக்குக் கயிறு தயாராகவே இருந்தது. சாமி செடியைத் திருப்பிக் கொடு என்று ஒரு வாரமாக வாசலில் மல்லுக்கு நின்றவள். நேற்றுதான், நீ விளங்கமாட்டாய் என்று துறைத்தலைவரை ஊர் கேட்கச் சபித்திருந்தாள்.

"இது விஷமாம்மா?"

அவள் மூட்டையைப் பிரித்தாள். நாலு இலையை வாயில் போட்டு மென்றாள்.

காப்பாளர் சுவரோடு ஒட்டிக்கொண்டார்.

ஒரு நிமிடம்... இரண்டு... மூன்று...

வைத்தியச்சி ஏப்பம் விட்டாள். இருமலும் நின்றிருந்தது.

"கும்பிடுறதும் இதத்தான், இருமலுக்கு மெல்றதும் இதத்தான். மூணு நிமிஷத்துல சாவுன்னு, மலைக்குச் செடி பறிக்க வந்த இந்தக் காப்பாளர்கிட்ட நான்தான் சொன்னேன். பயந்து செடிய விட்டுட்டுப் போவாருன்னு பார்த்தேன். மனுஷன் எழுதிக்கிட்டுப் போயிட்டாரு."

அப்படியானால் துறைத்தலைவரைக் கொன்றது...?

இன்ஸ்பெக்டர் கோப்பை இலையை இடுக்கியால் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தார். அவள் இலை கொழுகொழுவென்று பச்சை. இதுவோ இஸ்திரி போட்டதுபோல் தட்டை. முதுகில், இடவலம் மாறி, மங்கலான செய்தித்தாள் எழுத்துகள். காம்பில் ஒரு துண்டு ஒட்டுத்தாள்.

"பேப்பர்ல வெச்சுக் காயவெச்ச இலை. பூச்சி அரிக்காம இருக்க இதுல என்ன பூசுவீங்க?"

"விஷ மரு..."

காப்பாளர் வாயைப் பொத்திக்கொண்டார்.

"அலமாரி சாவி யார்கிட்ட?"

காப்பாளரின் கை இடுப்புக்குப் போனது. அங்கே சாவி சிரித்தது.

"இல்ல சார், இலைதான் கொல்லும்! நானே எழுதினேன்... அத நம்பித்தானே டீயில போட்டேன்!"

இன்ஸ்பெக்டர் விலங்கைப் பூட்டினார்.

"ஆராய்ச்சி தப்பு சார், கொன்னது நீங்க பூசின மருந்து. ஆனா கவலைப்படாதீங்க... இந்தக் கேஸ் கட்டுல உங்க பேரு மட்டும்தான் வரும்."