ஜர்மினாவின் மனத்திரை

கிட்ட வந்து உட்காருங்கள், கண்ணுகளா. மனசுக்குள் இருப்பதைச் சுவரில் காட்டும் கருவி வந்தபிறகு சென்னையில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். யாரை நம்புவதென்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

கருவிக்கு மனத்திரை என்று பெயர். அடைக்கலம் கேட்டு வருகிறவர் தலையில் ஒரு தொப்பியை மாட்டி, "உன் வீட்டை நினை" என்பார்கள். நினைத்தது சுவரில் படமாக ஓடும். கண்ணால் கண்டதென்றால் பச்சை விளக்கு, இட்டுக்கட்டியதென்றால் சிவப்பு. சிவப்பு எரிந்தால் அடுத்த விமானத்தில் திருப்பி அனுப்பிவிடுவார்கள். சாட்சி, ஆதாரம் எதுவும் அதன்பின் எடுபடாது.

ஜர்மினாவுக்குச் சிவப்பு எரிந்தது.

ஆப்கானிஸ்தானத்து ஹெராத்தில் பிறந்து, தப்பி வந்து, சென்னைத் தமிழ் பழகிப்போனவள். சினிமா எடுக்கிறவள். குண்டில் இடிந்த தன் வீட்டை ராயபுரத்துக் கிடங்கொன்றில் அட்டையாலும் துணியாலும் திரும்பத் திரும்பக் கட்டி, தன் சிறுவயது வேடத்தில் ஒரு சிறுமியை நடிக்கவைத்துப் படம் பிடித்தவள். இப்போது சுவரில் ஓடிய முற்றத்தில் ஒரு சிறுமி மல்பெரிப் பழம் பொறுக்கிக்கொண்டிருந்தாள். அந்தச் சிறுமி தானேதான் என்றாள் ஜர்மினா.

"உன்ன நீயே எப்படிம்மா பாத்த?" என்றார் அதிகாரி மாசிலாமணி. "அதுவும் மொட்டை மாடி உசரத்துலேர்ந்து?"

"நான் பாத்தது அழிஞ்சுபோச்சு சார். படம் எடுத்ததுதான் மனசுல நிக்குது."

"வசனம் நல்லா வருது உனக்கு."

சினிமாக்காரி, பொய் வீடு கட்டிப் பழகிய கை என்று அவருக்குள் ஒரு குடைச்சல். சிவப்பை எரியவிட்டதே இந்த ஆள்தானோ என்று அவளுக்கு.

"நீங்க மாட்டிப் பாருங்க சார். பச்சை வந்தா நான் பேசாம விமானம் ஏறிடுறேன்."

"பாத்துடுவோம். அப்புறம் அழக்கூடாது."

தொப்பியை மாட்டிக்கொண்டு, மாசிலாமணி தன் அயனாவரத்து வீட்டை நினைத்தார். சுவரில் வந்தது கல்யாண நாள். வாசலில் அவரும் மனைவி தேன்மொழியும் மாலையோடு நிற்க, யாரோ ஆரத்தி சுற்றினார்கள். வானத்திலிருந்து ரோஜா இதழ்கள் கொட்டின. ஒரு பெரிய இதயம் இருவரையும் வளைத்தது. பிறகு இருவரும் ஒரு தாமரைக்குள் சுருங்கி மறைந்தார்கள்.

சிவப்பு எரிந்தது.

"அது கல்யாண வீடியோ. வருஷா வருஷம் போட்டுப் பாப்போம்" என்றார் அவசரமாக.

மனத்திரை வாதம் கேட்பதில்லை. ஐயத்துக்குரியவர் என்று அவரைத் தலைமை அலுவலகத்துக்கு அறிவித்து, கதவைப் பூட்டியது. அவர் நடத்திய விசாரணை செல்லாதென்று ஜர்மினாவின் பயணத்தையும் நிறுத்தி வைத்தது.

"நீங்க சினிமா தெரிஞ்சவங்க" என்றார் மாசிலாமணி. குரல் இறங்கியிருந்தது. "இது நெசமா நடந்ததுன்னு நீங்களாவது சொல்லுங்கம்மா."

"சொல்றேன் சார். படத்துல இல்லாத ஒண்ணு சொல்லுங்க. உங்க கண்ணு மட்டும் பாத்தது."

"ஆரத்தி சுத்தினது எங்க அக்கா... இல்ல, சித்தியா..."

கேமரா அந்தக் கைகளைத்தான் காட்டியிருந்தது, முகத்தைக் காட்டவில்லை. அவர் கண்ணை மூடிப் பார்த்தார். திறந்தபோது, ஜர்மினா அவரையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள், பொய்க்காரனைப் பார்ப்பதுபோல.

உங்கள் வீட்டில் நடக்கிற நல்லதையெல்லாம் முதலில் உங்கள் கண்ணே பார்க்கட்டும், செல்லங்களா. வாசலும் மனசும் நிறைந்து, உங்கள் குடும்பம் நன்றாக இருக்கட்டும்.