பூனைக் கதையில் நுழைந்த எறும்பு

என்னிடம் ஒரு பிஸ்கட் டப்பா இருக்கிறது. உள்ளே பிஸ்கட் கிடையாது. உள்ளங்கை அளவு காமிக்ஸ் புத்தகங்கள், மொத்தம் நாற்பத்து மூன்று! எந்தப் பெரிய கம்பெனியும் போட்டவை அல்ல. தாங்களே வரைந்து, தாங்களே நகலெடுத்து, தாங்களே மடித்து விற்பவர்களிடம் தேடித்தேடி வாங்கியவை. பல் டாக்டரிடம் காத்திருந்தால்கூட டப்பாவைத் திறந்துவிடுவேன்.

இந்த முறை காமிக்ஸ் கண்காட்சியில் விற்க என் அண்ணனே ஒரு புத்தகம் வரைந்திருந்தான். அவனுடைய முதல் புத்தகம். இரண்டு மாதம் சரியாகத் தூங்காமல் வரைந்தான்.

கண்காட்சி திறப்பது பத்து மணிக்கு. ஒன்பது மணிக்கே எங்கள் மேஜையில் எண்பது பிரதிகளை அடுக்கிவிட்டோம். நான் ஒன்றை எடுத்துப் படித்தேன்.

"அண்ணா, பூனை இன்னும் கிணத்துல விழவே இல்ல. அதுக்குள்ள எப்படி நனைஞ்சுது?"

அண்ணன் வெடுக்கென்று பிடுங்கிப் பார்த்தான். விழும் பக்கமும் நனைந்த பக்கமும் இடம் மாறியிருந்தன. நகலெடுப்பதற்காக எட்டுப் பக்கங்களையும் ஒரே தாளில் ஒட்டும்போது தூக்கக் கலக்கத்தில் மாற்றி ஒட்டிவிட்டான். எண்பது பிரதியிலும் அதே கூத்து!

"போச்சு, மானமே போச்சு. எடுத்து வை வாண்டு, வீட்டுக்குப் போகலாம்," என்றான். அவன் முகம் சுண்டிப்போயிருந்தது.

எனக்கு அழுகை முட்டியது. யார் யாரோ வரைந்ததெல்லாம் என் டப்பாவில் இருக்க, என் அண்ணன் வரைந்தது மட்டும் குப்பைக்கா? விடமாட்டேன்!

சிவப்புப் பேனாவை எடுத்தேன். நனைந்த பூனையின் காலடியில் ஒரு குட்டி எறும்பை வரைந்தேன். 'அவசரப்படாதே! முதல்ல பக்கத்தைப் புரட்டு!' என்று அது கத்தியது. விழும் பூனைக்குப் பக்கத்தில் இன்னோர் எறும்பு. 'இப்ப பின்னாடி போய் நனைஞ்ச பூனையைப் பார்த்துட்டு ஓடி வா!'

"என் கதையில எறும்பே கிடையாதே!" என்றான் அண்ணன்.

"இப்ப இருக்கு. நீயும் வரை."

வரைந்தான். அவனுடைய எறும்பு கரப்பான்பூச்சி மாதிரி இருந்தது. நான் ஒன்றும் சொல்லவில்லை. சரி, சொன்னேன். அதன்பின் எல்லாப் பிரதியிலும் நான் வரைந்தேன், அவன் வசனம் எழுதினான். ஒரே எறும்பை வரைய அலுத்துப்போய், ஒன்றுக்குத் தொப்பி வைத்தேன், ஒன்றுக்குக் குடை கொடுத்தேன்.

பத்து மணிக்குக் கண்ணாடி போட்ட ஓர் அக்கா வந்தார். புரட்டினார். நின்றார். பின்னால் போனார், முன்னால் வந்தார். பிறகு குபீரென்று சிரித்தார். அவருடைய தோழி இன்னொரு பிரதியை எடுத்தார்.

"ஏய், உனக்குக் குடை பிடிச்ச எறும்பா? அதுவும் எனக்கு வேணும்!" என்றார் அக்கா.

அவ்வளவுதான். நான் நீ என்று கூட்டம் மொய்த்தது. மதியத்துக்குள் மேஜை காலி!

கடைசியாக ஒரு பொடியன் மூச்சிரைக்க ஓடிவந்தான். "தீர்ந்துபோச்சா? அடுத்த புத்தகம் எப்பண்ணா? அதுலயும் எறும்பு வருமா?"

அண்ணன் என்னைக் கைகாட்டினான். "எறும்பு வரைஞ்ச ஓவியர் இவங்கதான். இவங்களையே கேளு தம்பி."

ஓவியராம்! அதுவும் 'இவங்க'ளாம்!

நான் பேனாவைக் காதில் செருகிக்கொண்டு, "கண்டிப்பா வரும்," என்றேன்.