உறங்கிய காலத்துப் பதவி உயர்வு

தலைமைப் பொறியாளர் துரைசிங்கம் காலையில் அலுவலகத்துக்குள் நுழைந்ததும், முப்பத்து நான்கு வயது உதவிப் பொறியாளர் பூங்கோதையின் மேசை முன் நின்று, நரைத்த தலையைச் சற்றே தாழ்த்தி, "சாப்டீங்களாக்கா?" என்று கேட்பார். டைட்டன் குடியிருப்பில் இதை யாரும் விசித்திரமாகப் பார்ப்பதில்லை.

பூமியில் இருவரும் ஒரே நீர்வளத் துறையில் இருந்தவர்கள். பூங்கோதை மூன்று ஆண்டு மூத்தவள். அவருக்கு வேலை பழக்கியவளும் அவள்தான். சனியின் துணைக்கோளான டைட்டனுக்கு அவர்களைச் சுமந்த கப்பல் இருபத்தெட்டு ஆண்டுகள் பறந்தது. உணவும் காற்றும் எல்லாருக்கும் போதாது என்று பெரும்பாலோரை உறைதுயிலில் கிடத்தினார்கள். உடலைக் குளிரவைத்து, வயது ஏறாமல் உறங்கச் செய்யும் முறை அது. கப்பலின் நீர்த்தொட்டிகளைப் பார்த்துக்கொள்ள ஒருவர் மட்டும் விழித்திருக்க வேண்டும். அரசாணையில் துரைசிங்கத்தின் பெயர் வந்தது. அவர் விழித்திருந்தார், நரைத்தார், வழியிலேயே இரண்டு முறை பதவி உயர்ந்தார். பூங்கோதை கண் திறந்தபோதும் உதவிப் பொறியாளர்தான்.

பதவிப் பெயர் அவளுக்குப் பெரிதில்லை. பனிப்பாறையைத் துளைத்து உருக்கி, வடக்கு வட்டத்து வீடுகளுக்குக் குழாயில் தண்ணீர் தர அவள் ஒரு திட்டம் வரைந்திருந்தாள். உதவிப் பொறியாளர் வரையலாம். ஒப்புதல் தர முடியாது. வடக்கு வட்டத்தார் இன்னமும் வண்டித் தண்ணீருக்குக் காத்து நின்றார்கள்.

"என் மேசைக்கு வந்தா உடனே கையெழுத்துப் போட்டுடுவேன். வந்து சேரணுமே, நடுவுல எத்தனை மேசை!" என்றார் துரைசிங்கம். "பேசாம கேஸ் போடுங்கக்கா. எனக்குப் பதவி உயர்வு குடுத்த தேதியிலேர்ந்து உங்களுக்கும் குடுக்கட்டும். நானே வந்து சாட்சி சொல்றேன்."

டைட்டனில் நீதிபதி ஒரு இயந்திரம், நீதிப்பொறி என்பார்கள். வழக்கு வந்த அன்றே தீர்ப்பு. அதில் குடியிருப்புக்கே பெருமை.

அரசு வக்கீல் எழுந்தார். "தனக்கு இளையவருக்குப் பதவி உயர்வு குடுத்தா மூணு வருஷத்துக்குள்ள ஆட்சேபிக்கணும். மனுதாரர் இவ்வளவு காலம் தூங்கிட்டு இப்ப வர்றாங்க. தூங்கினது எப்படி சர்வீஸ் ஆகும்?"

பூங்கோதையின் வக்கீல் மெகருன்னிசா விடவில்லை. "அவங்களாவா தூங்கினாங்க? ஆர்டர் போட்டுத் தூங்க வச்சது யாரு? ஆர்டர்படி செஞ்சது எல்லாம் சர்வீஸ்தான்."

நீதிப்பொறி உடனே தீர்ப்பை வாசித்தது. "வாதம் ஏற்கப்படுகிறது. உறைதுயிலும் பணிக்காலமே. தாமதம் மன்னிக்கப்படுகிறது. இளையவர் உயர்ந்த அதே தேதிகளிலிருந்து மனுதாரருக்கும் பதவி உயர்வு உண்டு. இன்று அவர் தலைமைப் பொறியாளர் தகுதி உடையவர்."

துரைசிங்கம் கைதட்டியே விட்டார். இயந்திரம் இன்னும் முடிக்கவில்லை.

"உறங்கிய ஆண்டுகளும் கணக்கில் சேர்வதால், மனுதாரரின் பணி வயது அறுபத்திரண்டு. ஓய்வு பெறும் வயது அறுபது. ஆகவே அவர் இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே ஓய்வு பெற்றுவிட்டார். நீதிமன்றம் கலைகிறது."

வெளியே வந்து தாழ்வாரத்து இருக்கையில் பூங்கோதை உட்கார்ந்தாள். துரைசிங்கத்துக்கு அவள் முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

"நாளைக்கு வடக்கு வட்டத்துல துளை போடற இடத்தைப் பாக்கணும்னு இருந்தேன்" என்றாள்.

"அப்பீல் போடலாம்" என்றாள் மெகருன்னிசா. "ஆனா அது பூமிக்குப் போகணும். அங்க இன்னும் மனுஷங்கதான் நீதிபதிங்க."

"என்னன்னு போடுவீங்க? தூங்கினது சர்வீஸ் இல்லைன்னு சொல்லியா?" என்று கேட்டாள் பூங்கோதை.

"ஆமா. அரசு வக்கீல் இன்னிக்குப் பேசினதை நாம பேசணும். நாம பேசினதை அவரு பேசுவாரு."

"அதுவரைக்கும் நான் வீட்டுலயா இருக்கணும்?"

"இல்லை. இந்தத் தீர்ப்புக்கு இடைக்காலத் தடை வாங்கிடலாம். பழையபடி உதவிப் பொறியாளரா வேலைக்குப் போங்க. கேஸ் முடியற வரைக்கும் யாரும் தொட முடியாது."

"முடிய எவ்வளவு நாள் ஆகும்?"

மெகருன்னிசா சொல்லத் தயங்கினாள். "பூமியில கேஸுங்க மலை மாதிரி தேங்கிக் கெடக்கு. இருபது வருஷம் ஆகலாம். இருபத்தஞ்சுகூட ஆகும். மன்னிச்சுக்குங்க."

பூங்கோதை தன் உண்மையான வயதான முப்பத்து நான்கோடு அதைக் கூட்டிப் பார்த்தாள். காலையிலிருந்து முதல்முறையாக அவள் முகம் தெளிந்தது.

"அதுக்குள்ள முடிச்சிடுவாங்க போலத் தெரிஞ்சா," என்று அருகில் நகர்ந்து மெல்லக் கேட்டாள், "வாய்தா வாங்கிடலாம்ல?"